தடைக்கொல்லைக்கு வந்த அமீனா

முதலில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். என் கையெழுத்து நன்றாக இராது. நான் படித்தது நாலாம் வகுப்பு வரைதான். எந்த ‘ர’ எங்கே வரும், எந்த ‘ன’ எங்கே வரும் என்பதில் எனக்கு இன்றைக்கும் சந்தேகம்தான். இதைப் பிரதி எடுப்பவர்கள் பிழைகளைத் திருத்திக்கொள்ளலாம். நடந்ததை மட்டும் திருத்த வேண்டாம். நாலு பேர் முன்னால் இதைச் சொல்லச் சொன்னால் எனக்கு நாக்கு எழாது. அதனால்தான் எழுதுகிறேன்.

நான் எழுதப்போவது அரியலூர் கோர்ட்டில் அமீனாவாக இருந்த ஒருவரைப் பற்றி. கோர்ட்டு உத்தரவை ஊருக்குள் கொண்டுவந்து நிறைவேற்றுகிறவருக்கு அமீனா என்று பெயர். சம்மன் கொடுப்பது, கதவில் நோட்டீஸ் ஒட்டுவது, வீட்டையும் நிலத்தையும் ஒருவர் கையிலிருந்து வாங்கி இன்னொருவர் கையில் ஒப்படைப்பது எல்லாம் அவர் வேலை. அவருடைய பெயர் எனக்குத் தெரியும். ஆனால் அவரே அதை எங்கும் சொல்லிக்கொண்டதில்லை. வாசலில் நின்று, “கோர்ட்டு அமீனா வந்திருக்கேங்க” என்பார். அவ்வளவுதான். நானும் அப்படியே விட்டுவிடுகிறேன்.

ஒல்லியான மனிதர். முழங்காலைத் தொடும் காக்கிக் கோட்டு போட்டிருப்பார். அதில் மூன்று பொத்தான் ஒரு நிறம், ஒன்று வேறு நிறம். கையில் கறுப்புக் குடை. தோளில் ஒரு துணிப்பை. அதற்குள் மசிக்கூடு, தொட்டெழுதும் பேனா, காகிதக்கட்டு, ஒரு செம்பு, ஒரு சோற்றுத்தூக்கு. வரதராஜன்பேட்டைப் பக்கத்து வேதக்காரர். உத்தரவைப் படிக்கத் தொடங்குமுன் நெற்றியிலும் மார்பிலும் தோள்களிலும் விரலால் சிலுவை போட்டுக்கொள்வார். பிறகு தொண்டையைச் செருமுவார். அந்தச் செருமலைக் கேட்டாலே எங்கள் ஊரில் பல பேர் வீட்டுக்குள் போய்விடுவார்கள்.

யுத்த காலம் அது. பெரம்பலூர் அரியலூர் ரோட்டில் கரி பஸ் ஓடிக்கொண்டிருந்தது. பெட்ரோல் கிடைக்காததால் பின்புறத்தில் கரி உலை கட்டிய பஸ். மேட்டில் நின்றுவிடும். கண்டக்டர் இறங்கி உலையைக் கிளறுவார், பிரயாணிகள் இறங்கித் தள்ளுவார்கள். அமீனா மட்டும் எதையும் எதிர்பார்க்காதவர்போல அந்த பஸ்ஸை விட்டு இறங்கி நடந்தே வந்துவிடுவார். அவர் நடந்து வந்தும் பஸ் வந்து சேர்ந்திராது. ஆனாலும் அவருக்கு ஊரில் வைத்த பெயர் ‘ஆமை அமீனா’. மற்ற அமீனாக்கள் ஒரே நாளில் மூன்று ஊர் பார்த்துவிடுவார்கள். இவருக்கு ஓர் ஊர்தான். காகிதத்தில் உள்ள ஒவ்வொரு வார்த்தையையும் படித்து, காகிதம் சொல்கிற ஒவ்வொன்றையும் செய்து, செய்த ஒவ்வொன்றையும் எழுதி முடித்தால்தான் அவர் எழுந்திருப்பார்.

அவருடைய தூக்கில் தயிர்ச்சோறு இருக்கும். அதோடு ஒரு சின்ன இலைப்பொட்டலத்தில் தனியாகக் கொஞ்சம் வெறும்சோறு. அது நோட்டீஸ் ஒட்டுவதற்கு. ஒருநாள் எங்கள் ஊர்க் கடைக்காரர் கேட்டார்.

“ஏங்க அமீனா, பசைக்கு ஒரு கை சோறு எங்க வூட்ல குடுக்கமாட்டமா? அதையும் அரியலூர்லேர்ந்து தூக்கிட்டு வரணுமா?”

“குடுப்பீங்க. நாளைக்கி எதிராளி, அமீனா அவங்க வூட்டுச் சோத்துலதான் ஒட்டுனாருன்னு சொல்லுவாரு. எதுக்குங்க?”

தண்ணீரும் அப்படித்தான். சாப்பிட உட்காரும்முன், “இந்த மரம் யாருதுங்க?” என்று கேட்பார். வாதியுடையது என்றாலும் எழுந்துவிடுவார், பிரதிவாதியுடையது என்றாலும் எழுந்துவிடுவார். பூட்டிய வீட்டுக் கதவில் ஒட்டவேண்டி வந்தால், கதவைப் பார்த்து நின்று முழுவதையும் உரக்கப் படிப்பார். பக்கத்து ஊரில் அப்படி அவர் படித்துக்கொண்டிருந்தபோது ஒரு நாய் விடாமல் குரைத்ததாம். அது ஓயும்வரை காத்திருந்து, விட்ட இடத்திலிருந்து படித்தாராம். “நாய்க்கும் சேத்து சம்மன் சார்வு பண்ணிட்டாரு” என்று சொல்லிச் சிரிப்பார்கள்.

எங்கள் வீட்டுக்கு அவர் முதலில் வந்தபோது அப்பா இருந்தார். அமீனா வருவதைத் தூரத்தில் பார்த்ததும் அப்பா பரணில் ஏறிக்கொண்டார். சம்மனைக் கையில் வாங்காவிட்டால் கேஸ் நடக்காது என்று யாரோ சொல்லியிருந்தார்கள். அம்மா வாசலில் நின்று, “அவுரு பெரம்பலூர் சந்தைக்குப் போயிருக்காரு” என்றாள். அன்றைக்குச் சந்தை நாளே இல்லை. அமீனா அதைச் சொல்லவில்லை. “வரட்டுங்க” என்று சொல்லிவிட்டு, ரோட்டோரத்துப் புளியமரத்தடியில் போய் உட்கார்ந்துகொண்டார். அது ஜில்லா போர்டு மரம், யாருக்கும் சொந்தமில்லை. வெயில் சாயும்வரை உட்கார்ந்திருந்தார். பரணில் அப்பாவுக்கு வியர்த்து ஊற்றியது. கடைசியில் அவரே இறங்கி, தலையில் ஒட்டடையோடு போய் நின்றார்.

“சந்தையில கூட்டமுங்களா?” என்று கேட்டு, அமீனா காகிதத்தை நீட்டினார். அப்பா சிரித்துவிட்டார். அந்தக் கேஸில் அப்பா சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

கேஸைப் பற்றிச் சொல்லவேண்டும். தாத்தா போனபிறகு அப்பாவும் பெரியப்பாவும் வாய்ப்பேச்சாகப் பாகம் பிரித்துக்கொண்டார்கள். மருதையாற்றை ஒட்டிய நஞ்சை பெரியப்பாவுக்கு. கிணற்றுக்கொல்லை என்ற புஞ்சையும் அதிலிருந்த கூரைவீடும் அப்பாவுக்கு. பத்திரம் எழுதவில்லை. மூத்தவர் என்பதால் பட்டா எல்லாம் பெரியப்பா பெயரிலேயே இருந்தது. ஒரு வருஷம் ஆற்றில் வெள்ளம் வந்து பெரியப்பாவின் நஞ்சையை மணல் மூடிவிட்டது. இடுப்பளவு மணல். ஒரு வருஷம் அதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர், அடுத்த வருஷம் கிணற்றுக்கொல்லை தன்னுடையது என்று கேஸ் போட்டார். அவர் கெட்டவர் என்று எழுத எனக்கு மனம் வரவில்லை. மணலைப் பார்த்துக்கொண்டே இருந்தால் யாருக்கும் என்ன வேண்டுமானாலும் தோன்றும்.

கேஸ் நடக்கும்போதே அப்பா இறந்துபோனார். அரியலூரில் தீர்ப்பு பெரியப்பா பக்கம் ஆயிற்று. எங்களிடம் எழுத்தாக ஒன்றும் இல்லையே. எங்கள் வக்கீல் திருச்சியில் அப்பீல் போட்டார். அப்பீல் முடியும்வரை சொத்தில் யாரும் கைவைக்கக் கூடாது, இருக்கிறபடியே இருக்கவேண்டும் என்று இடைக்காலத் தடை கேட்டு மனுவும் போட்டார். அதை வாங்கிவர வக்கீல் குமாஸ்தா திருச்சிக்குப் போனார். ஓயாமல் இருமும் மனிதர். போகும்போது அம்மாவிடம், “தடை வர்றதுக்குள்ள சொத்து கைமாறிட்டா அப்பறம் அப்பீல்ல ஜெயிச்சும் சொகமில்லம்மா. வூடு இருக்காது” என்று சொல்லிவிட்டுப் போனார்.

அவர் சொன்னது சரி. மாசி மாதம், பருத்தி வெடித்துக் கொல்லையே வெள்ளையாக இருந்தது. மறுநாள் காலையிலேயே பெரியப்பா இரண்டு வண்டி, நாலு ஆள், இரண்டு கடப்பாரையோடு வந்துவிட்டார். பருத்தியை எடுத்துவிட்டு வீட்டை இடித்துவிடுவதாக ஏற்பாடு. சுவர் இல்லாவிட்டால் நாங்கள் எங்கே திரும்பி வருவது? அவருக்குப் பின்னால் அமீனா குடையோடு வந்தார். தமுக்கடிக்கத் தலையாரியும் வந்தார். வீட்டில் நான், அம்மா, என் மனைவி மூன்று பேர். எனக்கு அப்போது இருபத்தாறு வயது. பெரிய ஆள்தான். ஆனால் வாய் திறக்கவில்லை.

அமீனா சிலுவை போட்டுக்கொண்டு, சொத்தைப் பெரியப்பாவிடம் ஒப்படைக்கச் சொல்லும் வாரண்டைப் படித்தார். சொத்து விவரத்தில் நான்கெல்லை வந்தது. வண்டிப்பாதைக்கு மேற்கு, ஓடைக்குத் தெற்கு, விளாமரத்துக்குக் கிழக்கு, இன்னார் கொல்லைக்கு வடக்கு. படித்து முடித்ததும் நிமிர்ந்து பார்த்தார்.

“விளாமரம் எங்கங்க?”

பெரியப்பா, “அது விழுந்து எத்தினியோ வருசமாச்சு. அடுப்புல எரிஞ்சி சாம்பலும் போச்சு” என்றார்.

“பேப்பர்ல நிக்கிதுங்களே.”

“பேப்பர்ல நின்னா நான் என்ன முளைக்க வைக்கவா முடியும்?”

“முளைக்க வேணாங்க. நின்ன எடத்தக் காட்டுங்க.”

பெரியப்பா ஓர் இடத்தைக் காட்டினார். தலையாரி பத்தடி தள்ளி இன்னோர் இடத்தைக் காட்டினார். அமீனா இரண்டையும் எழுதிக்கொண்டு, “தோண்டிப் பாத்துருவோங்க. கடப்பாரதான் இருக்குதே” என்றார். வீட்டை இடிக்க வந்த கடப்பாரைகளால் பெரியப்பாவின் ஆட்கள் விளாமரத்து வேரைத் தேடித் தோண்டினார்கள். மாசி மாதத்துக் கரிசல் கல்லாக இறுகியிருந்தது. தலையாரி காட்டிய இடத்தில்தான் ஒரு கறுத்த வேர் கிடைத்தது. அதை நாலு பேர் பார்த்து விளாவேர்தான் என்று சொன்னதும், சொன்னவர்கள் பெயரை எழுதினார்.

அடுத்து வீட்டுச் சாமான். வெளியேற்றுகிற வீட்டில் உள்ள பொருள்களைப் பட்டியல் எழுதித்தான் வெளியில் வைக்கவேண்டும் என்றார். அதுவரை அழுதுகொண்டிருந்த அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். அவளுக்கு எப்போது புரிந்தது என்று எனக்குத் தெரியாது. ஒவ்வொன்றாகத்தான் கொண்டுவந்தாள்.

“அம்மி எழுதிட்டீங்களா? கொழவி தனிங்க.”

“தனியாவே எழுதிடுறேங்க.”

பானைகள் வந்தன. மூடிகள் தனியாக வந்தன. கீழ் விளிம்பு பிய்ந்த முறம், தாத்தா காலத்துப் பூட்டுக்கயிறு, ஒற்றைச் செருப்பு. எல்லாம் பட்டியலில் ஏறின. ‘ஓட்டைச் சல்லடை ஒன்று’ என்று அமீனா சொல்லிக்கொண்டே எழுதியபோது பெரியப்பாவுக்குப் பொறுக்கவில்லை.

“சல்லடைன்னாலே ஓட்டைதானய்யா! அதுல என்ன ஓட்டைச் சல்லடை?”

அமீனா சல்லடையை வெயிலில் தூக்கிப் பார்த்தார். “வேணுங்கற ஓட்டைக்கு மேல இருக்குதுங்க.”

பெரியப்பாவின் ஆட்களே சிரித்துவிட்டார்கள். கோழி ஏழு என்று எழுதியபிறகு ஒன்று பருத்திக்குள் ஓடிவிட்டது. அதைப் பிடித்துவந்து மறுபடி எண்ணினார். உச்சிவெயில் ஏறியதும் சோற்றுத்தூக்கை எடுத்தார். கொல்லையிலிருந்த மரமெல்லாம் வழக்கில் இருந்தது. அவர் குடையை விரித்துக்கொண்டு, அரை மைல் தள்ளியிருந்த ஜில்லா போர்டுப் புளியமரத்தை நோக்கி நடந்தார்.

“சாப்புட அரியலூருக்கே போயிட்டு வாங்களேன்!” என்று பெரியப்பா பின்னால் கத்தினார்.

சாப்பிட்டு வந்தபிறகு என்னிடம் திரும்பினார். “ஆட்சேபணை எதுவும் உண்டுங்களா?”

நான் தலையை ஆட்டினேன்.

“தலைய ஆட்டுறத எழுத வழியில்லைங்க. வாயால சொல்லுங்க.”

என்னைவிட வயதில் எவ்வளவோ மூத்தவர். என்னை அதுவரை யாரும் ‘ங்க’ போட்டுக் கூப்பிட்டதில்லை. அவர் பேனாவை மசியில் தொட்டுக் காத்திருந்தார். மசி காய்ந்தது. மறுபடி தொட்டார். மூன்றாம் தடவை தொட்டபோது எனக்குக் குரல் வந்தது.

“திருச்சிக்குப் போயிருக்காங்க.”

“யாருங்க?”

“குமாஸ்தா. தடை வாங்க.”

“டேய், கையில இருக்காடா தடை? காட்டு பாப்பம்!” என்று பெரியப்பா துள்ளினார். அமீனா எழுதிக்கொண்டே, “இல்லைங்க. இல்லைங்கறதையும் எழுதிட்டேன்” என்றார்.

இனிச் சொல்லப்போவதையும் நான் சொல்லித்தான் ஆகவேண்டும். அவர் எங்களுக்காக நிறுத்தவில்லை. எழுதவேண்டியது முடிந்ததும் எழுந்தார். வீட்டுக் கதவைச் சாத்திப் பூட்டுப் போட்டார். அம்மாவின் முகத்தைப் பார்க்காமல்தான் போட்டார். தலையாரியைத் தமுக்கடிக்கச் சொல்லிவிட்டு நான்கெல்லையையும் சுற்ற நடந்தார். சுற்றி முடித்துச் சாவியைப் பெரியப்பாவிடம் கொடுத்துவிட்டால் தீர்ந்தது. கிழக்கு எல்லை முடிந்தது. வடக்கு முடிந்தது. காலையில் தோண்டிய விளாவேர்க் குழியைச் சுற்றி வரும்போது, வண்டிப்பாதைப் பக்கமிருந்து இருமல் சத்தம் கேட்டது.

குமாஸ்தாவும் ஒரு கோர்ட்டுச் சேவகரும் ஓட்டமும் நடையுமாக வந்தார்கள். திருச்சியில் தடை கிடைத்து, காலையில் கோர்ட்டு திறந்ததும் அரியலூரில் கொடுத்து, அமீனாவுக்கு உத்தரவு வாங்கிக்கொண்டு வந்திருந்தார்கள். கரி பஸ் வழியில் இரண்டு இடத்தில் நின்றுவிட்டதாம். அமீனா முத்திரையைப் பார்த்தார். பின்பக்கம் திருப்பிப் பார்த்தார். சிலுவை போட்டுக்கொண்டார். காலையில் வாரண்டைப் படித்த அதே வேகத்தில், ஒரு வார்த்தை கூடாமல் குறையாமல், அந்தத் தடையையும் படித்தார். அப்பீல் முடிவாகும்வரை சொத்து உள்ளது உள்ளபடியே இருக்கவேண்டும், யாரும் இடிக்கவோ வெட்டவோ விற்கவோ கூடாது, அனுபவத்தில் இருப்பவர்களை வெளியேற்றக் கூடாது. பெரியப்பாவின் ஆட்கள் வண்டியைப் பூட்டினார்கள்.

“நில்லுங்க. வெளிய வச்சத உள்ள வைக்கணும். பட்டியல் இருக்குது.”

அமீனா பூட்டைத் திறந்துவிட்டுப் பட்டியலைப் படிக்கப் படிக்க, அந்த ஆட்களே எல்லாவற்றையும் உள்ளே கொண்டுபோய் வைத்தார்கள். ஓட்டைச் சல்லடையைப் பெரியப்பாவே ஓர் ஆணியில் மாட்டினார். கோழி ஆறுதான் இருந்தது. ஏழாவது அவருடைய வண்டிக்கடியில் இருந்த சாக்கிலிருந்து கத்தியது. அமீனா அந்தப் பக்கம் பார்க்காமல், “ஏழுங்க” என்று மட்டும் சொன்னார்.

அதன்பிறகு இரண்டு வருஷத்துக்கு மேல் நாங்கள் அந்தத் தடைக்குள்ளேயே குடியிருந்தோம். ஊர் எங்கள் இடத்துக்குத் ‘தடைக்கொல்லை’ என்று பெயர் வைத்தது. பயமும் வைத்தது. தடை விழுந்த மண்ணில் மேய்ந்தால் ஆட்டைக் கோர்ட்டு பிடித்துக்கொண்டு போகும் என்று இடைப்பையன்கள் சுற்றிப் போனார்கள். வளையல்காரர் வண்டிப்பாதையிலேயே நின்று கூப்பிடுவார். சாணி பொறுக்குகிறவர்கள்கூட எங்கள் எல்லையோடு நின்றுவிடுவார்கள். ஐப்பசி மழையில் ஒரு வேம்பு கிணற்றின்மேல் சாய்ந்தது. அதை எடுக்க எனக்கும் பயம், பெரியப்பாவுக்கும் பயம். அம்மா அதன் கிளைக்கிடையில் வாளியை விட்டுத் தண்ணீர் இழுத்துக்கொண்டிருந்தாள்.

அந்தச் சமயத்தில் என் மனைவி முழுகாமல் இருந்தாள். அவளுக்குத் தாய் இல்லை. பிரசவம் எங்கள் வீட்டில்தான். ஏழாம் மாதத்தில் ஊர் மருத்துவச்சி அம்மாவைத் தனியாகக் கூப்பிட்டு, தடை இருக்கிற வீட்டுக்குள் தான் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். உள்ளது உள்ளபடியே இருக்கவேண்டும் என்று அமீனா படித்ததைத் தன் காதால் கேட்டாளாம். அங்கே ஒரு பிள்ளை பிறந்தால் உள்ளது எப்படி உள்ளபடி இருக்கும்? நாளைக்குக் கோர்ட்டு அவளைத்தானே கேட்கும்? பொய்யாகச் சொல்லவில்லை. நிஜமாகவே நடுங்கினாள். அம்மாவும் நடுங்கிப்போனாள். எனக்கும் நிச்சயம் இல்லை.

பக்கத்து ஊருக்கு அமீனா வந்திருக்கிறார் என்று கேள்விப்பட்டு அம்மா ரோட்டில் போய் நின்றாள். நான் பின்னால் நின்றேன். அவர் வந்ததும் அம்மா கையைக் கட்டிக்கொண்டு கேட்டாள்.

“ஐயா, உள்ளது உள்ளபடியே இருக்கணும்னு படிச்சீங்களே.”

“ஆமாங்க.”

“அன்னைக்கி நாங்க மூணு பேரு இருந்தோம். இப்ப நாலாவதா ஒரு ஆளு வரப்போவுது. வரலாமுங்களா?”

அவர் சிரிக்கவில்லை. வேறு யாராக இருந்தாலும் சிரித்திருப்பார்கள். குடையை மடக்கினார். “வாசகம் பாக்காம சொல்ல முடியாதுங்க. நகல் இருக்குதுங்களா?” நான் ஓடிப்போய்ப் பெட்டியிலிருந்து தடை உத்தரவின் நகலை எடுத்துவந்தேன். அந்த வெயிலில் நடுரோட்டில் நின்று, முதல் வரியிலிருந்து கடைசி முத்திரைவரை படித்தார். ஓர் இடத்தில் நிறுத்தி, மறுபடி மேலே போய்ப் படித்தார். அம்மா அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நெலத்தப் பத்தி இருக்குதுங்க. வூடு, கெணறு, மரம் இருக்குது. ஆளுங்கள வெளியேத்தக் கூடாதுன்னு இருக்குது. வர்ற ஆளப் பத்தி ஒண்ணும் இல்லைங்க. தாராளமா பொறக்கலாம்.”

அம்மா அவரை விடவில்லை. மருத்துவச்சி வீட்டு வாசலுக்கே கூட்டிப்போய் அதை இன்னொரு தடவை சொல்ல வைத்தாள். “கிணத்து மேல சாஞ்ச மரத்த எடுக்கலாமுங்களா?” என்று நானும் கேட்டேன். தானாக விழுந்ததை எடுத்து ஓரமாகப் போடலாமா கூடாதா என்று வக்கீலைக் கேட்கச் சொன்னார். தன் வேலையில்லாத எதையும் அவர் சொன்னதில்லை. பிள்ளை விஷயம்கூடக் காகிதத்தில் இல்லை என்றுதான் சொன்னார். பெண் குழந்தை பிறந்தது. ‘தடைக்குட்டி’ என்று ஊரே கொஞ்சியது.

திருச்சியில் அப்பீல் தோற்றுப்போயிற்று. பட்டணத்துக்குப் போய் ஹைகோர்ட்டில் மேல்முறையீடு செய்ய எங்களுக்கு வழியில்லை. தடை தானாகவே விலகிவிட்டது என்று குமாஸ்தா இருமிக்கொண்டே சொல்லிவிட்டுப் போனார். பாடாலூரில் என் மைத்துனன் ஒரு குடிசை பார்த்துக் கொடுத்தான். அமீனா வருகிற நாள் தெரிந்ததால், முதல்நாளே சாமானையெல்லாம் வண்டியில் அனுப்பிவிட்டேன். இன்னொரு தடவை அம்மா ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுப்பதை நான் பார்க்கவேண்டாம் என்று நினைத்தேன்.

அன்றைக்கும் அவர் அதே கோட்டில் வந்தார். அதே செருமல். வாரண்டை அதே நிதானத்தில் படித்தார். இப்போது வழியில் எந்தக் காகிதமும் வந்துகொண்டிருக்கவில்லை. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். விளாவேர் இருந்த இடத்தில் கல் நட்டிருந்தது. ஆட்சேபணை உண்டா என்று கேட்டார். “இல்லைங்க” என்று நான் உடனே சத்தமாகச் சொன்னேன். என்னை ஒருமுறை பார்த்துவிட்டு எழுதிக்கொண்டார். வீட்டுக்குள் பொருள் ஏதும் இருக்கிறதா என்று பார்க்கப் போனார். வெளியே வந்து, கதவைச் சாத்தாமல், வாசற்படிக்குக் கீழே குந்தினார்.

“என்னங்க?” என்றார் பெரியப்பா.

“உள்ள ஆள் இருக்குதுங்க.”

குழந்தை விட்டத்தில் கட்டிய தூளியில் தூங்கிக்கொண்டிருந்தது. ஒன்றரை வயது. காலையெல்லாம் அழுது, அப்போதுதான் தூங்கியிருந்தது. எழுந்ததும் தூக்கிக்கொண்டு கிளம்பலாம் என்று என் மனைவி விட்டிருந்தாள்.

“தூக்கிட்டு வந்தா முடிஞ்சிது” என்றார் பெரியப்பா. என் மனைவி எழுந்தாள். அமீனா கையைக் காட்டி உட்கார வைத்தார்.

“ஆள் இருக்கறப்ப பூட்டக்கூடாதுங்க. தூங்கறத எழுப்பச் சொல்லி வாரண்டுல இல்லைங்க.”

“இது என்னய்யா புதுச் சட்டம்?” என்று பெரியப்பா கத்தினார்.

“மெதுவாங்க. முழிச்சிரும்.”

பெரியப்பா வாயை மூடிக்கொண்டார். பிறகு கிசுகிசுவென்று திட்ட ஆரம்பித்தார். அமீனாவும் கிசுகிசுவென்றே பதில் சொன்னார். கொஞ்ச நேரத்தில் பெரியப்பாவுக்குத் திட்டும் தீர்ந்துபோயிற்று. துண்டை விரித்து முற்றத்தில் உட்கார்ந்தார். அம்மா சுவரோரம் உட்கார்ந்திருந்தாள். கேஸ் தொடங்கியதிலிருந்து அவர்கள் இருவரும் ஒரே முற்றத்தில் உட்கார்ந்தது அன்றுதான். உள்ளே தூளி லேசாக ஆடும்போது விட்டம் முனகும்.

வெகுநேரம் கழித்துப் பெரியப்பா யாரையும் பார்க்காமல் கேட்டார். “என்ன பேரு வச்சிருக்கு?”

மூத்தாரிடம் அம்மா நேராகப் பேசமாட்டாள். அமீனாவைப் பார்த்துச் சொன்னாள். “அவுங்கம்மா பேருதான்னு சொல்லுங்க.”

பெரியப்பாவின் அம்மா, அதாவது என் அப்பாவுக்கும் அம்மா. அமீனா அதைத் திருப்பிச் சொல்லவில்லை. சொல்லவேண்டி இருக்கவில்லை. பெரியப்பா துண்டின் நுனியை முறுக்கிக்கொண்டே இருந்தார். எழுந்து போய்விடுவாரோ, வேண்டாம் என்று சொல்லிவிடுவாரோ என்று எனக்கு ஒரு நினைப்பு வந்தது. அவர் எழுந்திருக்கவில்லை. அவருக்கும் நிலம் வேண்டியிருந்தது.

வெயில் முற்றத்தைக் கடந்து சுவரில் ஏறியபோது குழந்தை சிணுங்கிற்று. என் மனைவி உள்ளே போய்த் தூக்கிக்கொண்டு, தூளியை அவிழ்த்து மடித்து எடுத்து வந்தாள். அமீனா கதவைப் பூட்டினார். தமுக்கடித்து நான்கெல்லையும் சுற்றினார். சாவியைப் பெரியப்பாவிடம் கொடுத்தார். பிறகு உட்கார்ந்து, செய்ததையெல்லாம் எழுதி, இரண்டு பேரும் கையெழுத்துப் போடுமுன் உரக்கப் படித்துக் காட்டினார். அதில் ஒரு வரி எனக்கு அப்படியே நினைவிருக்கிறது.

‘வீட்டினுள் ஒரு பெண் குழந்தை நித்திரையில் இருந்தபடியால், அது தானாக விழிக்கும்வரை இரு தரப்பாரும் வெளியில் காத்திருந்து, அதன்பின் சுவாதீனம் ஒப்படைக்கப்பட்டது.’

“இது எதுக்கு இதுல?” என்று பெரியப்பா கேட்டார்.

“நடந்துச்சுங்களே” என்றார் அமீனா.

பெரியப்பா பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டார். அதன் கீழே நான் போட்டேன்.

எழுதி முடித்தது, புரட்டாசி மாதம் ஒன்பதாம் தேதி, வியாழக்கிழமை, பாடாலூர்.